சர்க்கஸ் ஜக்லர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பல பந்துகளை மாறிமாறி எறிந்து பிடிக்கும் ஜக்லர்கள் அத்தனையையும் ஒரே நேரத்தில் எப்படிப் பார்க்கிறார்கள்?

பார்ப்பதில்லை. கையையும் பார்ப்பதில்லை, தனித்தனிப் பந்தைக் கண்ணால் துரத்துவதும் இல்லை. பந்து ஏறி, நின்று, திரும்பும் உச்சிப் பகுதியில்தான் பார்வை நிலைத்திருக்கும். அங்கேதான் பந்து மிக மெதுவாக நகரும். அது எந்த இடத்தில் திரும்புகிறது என்று தெரிந்துவிட்டால், எங்கே எப்போது வந்து விழும் என்பது கைக்குத் தெரிந்துவிடும். மீதியைக் கடைக்கண் கவனித்துக்கொள்ளும். உச்சியை மட்டும் விட்டுவிட்டு அதற்குக் கீழே எல்லாவற்றையும் அட்டை வைத்து மறைத்தாலும் தேர்ந்த ஜக்லர் எறிந்துகொண்டே இருப்பார். உச்சியை மறைத்தால் தடுமாறுவார்.

பந்து கீழே விழும்போது பிடிக்கத் தவறிவிட்டோம் என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். பெரும்பாலும் அது எறிந்தபோதே முடிவான விஷயம். கையை நீட்டி எப்படியோ காப்பாற்றினால் அந்தப் பந்து பிழைக்கும். ஆனால் அடுத்த எறி தவறான இடத்திலிருந்து கிளம்பும், அதற்கடுத்தது இன்னும் தள்ளிப் போகும். அதனால் பயிற்சியில் மோசமான எறியைக் காப்பாற்றாமல் விழவிடுவதே நல்லது. மேடையில் மட்டும் காப்பாற்றுங்கள்.

மூன்று பந்து கற்க எவ்வளவு நாளாகும்?

சிலருக்கு ஒரே மாலையில் வந்துவிடும், சிலருக்கு ஒரு வாரம் பிடிக்கும். விழாமல் நூறு பிடி என்ற நிலைக்கு மேலும் சில வாரங்கள். நான்கு பந்துக்குச் சில மாதங்கள். ஐந்து பந்துக்கு, நாள்தோறும் அரை மணி நேரம் ஒழுங்காகப் பழகுபவருக்கே ஓராண்டு ஆகலாம். ஏழு என்றால் ஆண்டுக்கணக்கு. வாரத்தில் ஒருநாள் மூன்று மணி நேரம் பழகுவதைவிட நாளுக்கு இருபது நிமிடம் பழகுவது வேகமாகப் பலன் தரும்.

எந்தப் பந்தில் தொடங்குவது?

பீன்பேக்கில். தினை போன்ற சிறுதானியமோ பிளாஸ்டிக் மணிகளோ அடைத்துத் தைத்த பந்து அது. விட்டம் 6.5 முதல் 7 செ.மீ., எடை 110 முதல் 130 கிராம் இருந்தால் பெரும்பாலான கைகளுக்குப் பொருந்தும். கையில் விழுந்தால் துள்ளாது, தரையில் விழுந்தால் உருளாது. தொடக்கத்தில் பாதி நேரம் பந்தைப் பொறுக்குவதிலேயே போகும் என்பதால் இரண்டாவது குணம் முதலாவதைவிட முக்கியம். டென்னிஸ் பந்து வேண்டாம்: எடை 60 கிராமுக்கும் குறைவு, கைக்கு வந்து சேர்ந்தது தெரியாமலே துள்ளி ஓடிவிடும்.

வீட்டிலேயே செய்யலாம். ஒரு பந்துக்கு 110 கிராம் சிறுதானியத்தை மெல்லிய பிளாஸ்டிக் பையில் போட்டு இறுக்கி உருண்டையாக முடிச்சிடுங்கள். மிஞ்சிய பையை நறுக்கிவிடுங்கள். பலூனின் கழுத்தைக் கத்தரித்து எறிந்துவிட்டு, வயிற்றுப் பகுதியை உருண்டையின் மேல் இழுத்து மாட்டுங்கள். இரண்டாவது பலூனை எதிர்ப்பக்கத்திலிருந்து மாட்டினால் முதல் பலூனின் திறப்பு மூடிவிடும். மூன்றாவது பலூன் உறுதிக்காக. மூன்று பந்தும் ஒரே எடையா என்று தராசில் பாருங்கள். பத்து கிராம் வித்தியாசத்தையும் கை கண்டுபிடித்துவிடும்.

சர்க்கஸ் மேடையில் பீன்பேக் குறைவு. அது சிறியது, தூரத்தில் தெரியாது. அங்கே பெரும்பாலும் உள்ளே காற்று மட்டும் இருக்கும் வழவழப்பான ஸ்டேஜ் பந்துகள், அல்லது மெல்லிய பிளாஸ்டிக் ஓட்டுக்குள் கொஞ்சம் உப்போ மணலோ போட்ட ரஷ்யன் பந்துகள். ரஷ்யன் பந்தில் உள்ளிருப்பது அடியில் படிந்துகொள்வதால் கையில் சட்டென அமரும், சுழலவும் சுழலாது. தரையில் அடித்துத் துள்ளவைக்கும் வித்தைக்குச் சிலிகான் பந்து. விலை அதிகம்தான், ஆனால் அந்த அளவுக்கு எழும்பும் பந்து வேறில்லை.

மூன்று பந்தை எந்த வரிசையில் பழகுவது?

முழங்கை உடம்பை ஒட்டி, முன்கை தரைக்கு இணையாக, உள்ளங்கை மேல்நோக்கி.

முதலில் ஒரே பந்து. வலக்கையிலிருந்து கண் உயரத்துக்கு எழுந்து இடக்கையில் விழவேண்டும், திரும்ப அதே வழியில் வலக்கைக்கு. கை உடம்பின் நடுப்பக்கம் இறங்கி எறிய வேண்டும், தோள்பக்கம் விலகிப் பிடிக்க வேண்டும். இரு கைகளும் இப்படிச் சிறு வட்டம் போடும். உயரம் ஒவ்வொரு முறையும் ஒன்றாக வரும்வரை இதை விடாதீர்கள். அலுப்பாகத்தான் இருக்கும். இதைத் தாண்டிக் குதித்தவர்கள்தான் பிறகு மாதக்கணக்கில் மூன்று பந்தோடு மல்லுக்கட்டுகிறார்கள்.

அடுத்து கைக்கு ஒன்றாக இரண்டு பந்து. வலது பந்தை எறியுங்கள். அது உச்சியை அடையும் நேரத்தில் இடது பந்தை அதற்குக் கீழே, உட்புறமாக எறியுங்கள். பிடி, பிடி, நிறுத்து. இங்கே ஏறக்குறைய எல்லோரும் செய்யும் தவறு ஒன்று உண்டு: இரண்டாவது பந்தை மேலே எறியாமல் பக்கவாட்டில் மற்றக் கைக்குக் கடத்திவிடுவது. கை அவசரப்படுவதால் வருவது இது. ‘எறி, எறி, பிடி, பிடி’ என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். இரண்டு எறிக்கும் இடையே தெளிவான இடைவெளி இருக்க வேண்டும். இடக்கையில் தொடங்கியும் அதே அளவு பழகுங்கள்.

மூன்றாவது படியில் வலக்கையில் இரண்டு, இடக்கையில் ஒன்று. வலது, இடது, வலது என்று மூன்று எறி, மூன்று பிடி, நிறுத்தம். இரண்டு பந்து உள்ள கையில்தான் எப்போதும் தொடங்க வேண்டும். அந்த மூன்றும் சுத்தமாக வந்தபின் நான்கு, ஐந்து, ஆறு எனக் கூட்டுங்கள். நிறுத்தாமல் ஓட்டிப் பார்க்கலாம் என்ற ஆசை முதல் நாளிலேயே வரும். அதற்கு இடம் கொடுத்தால் கை தப்பான தாளத்தைக் கற்றுக்கொள்ளும்.

எறிந்துகொண்டே முன்னால் நடந்துபோகிறேன். ஏன்?

பந்தை விடும் நேரத்தில் முன்கை சாய்ந்து முன்னோக்கித் தள்ளுகிறது. பந்து மோதிவிடுமோ என்ற பயத்தில் கை தானாகவே செய்வது இது. சுவரைப் பார்த்து ஓர் அடி தள்ளி நின்று எறிந்தால் ஓரிரு நாளில் திருந்தும். இடுப்பு உயர மேசையோ கட்டிலோ முன்னால் இருந்தால் குனிந்து பொறுக்கும் வேலையும் மிச்சம்.

பந்துகள் நடுவில் மோதிக்கொள்கின்றனவே?

இரண்டு காரணங்கள். ஒன்று, இரு கையும் வேறுவேறு உயரத்துக்கு எறிகின்றன. வலக்கைப் பழக்கமுள்ளவருக்கு இடக்கை எறி பெரும்பாலும் தாழ்வாகவே போகும். இரண்டு, பந்தைப் பிடித்த இடத்திலிருந்தே எறிகிறீர்கள், கை உள்பக்கம் வரவில்லை. அப்படியானால் ஏறும் பந்தும் இறங்கும் பந்தும் ஒரே பாதையில்தான் சந்திக்கும்.

காஸ்கேட், ஃபவுண்டன், ஷவர் என்பவை என்ன?

பந்துகள் கைமாறிக் குறுக்காகப் போனால் காஸ்கேட். ஒவ்வொரு கையும் தன் பந்தைத் தானே எறிந்து பிடித்தால் ஃபவுண்டன். ஒரு கை எல்லாவற்றையும் உயர எறிய, மறுகை கீழாகக் கடத்திக்கொடுத்து வட்டமாகச் சுற்றினால் ஷவர். படங்களில் வரைவது ஷவரைத்தான், ஆனால் மூன்றில் கடினமானதும் அதுவே.

இரு கையும் மாறிமாறி ஒரே உயரத்துக்கு எறிந்தால், ஒற்றைப்படை எண்ணிக்கை இயல்பாகவே குறுக்கே போகும், இரட்டைப்படை எறிந்த கைக்கே திரும்பும். ஆகவே நான்கு பந்து என்பது ஒரு கைக்கு இரண்டு பந்து, இரண்டு தடவை. கையில் இரண்டு பந்தை உள்ளிருந்து வெளியாக வட்டமிட்டு எறிய இடக்கைக்கும் வராமல் நான்கு வராது.

மூன்றிலிருந்து ஐந்துக்குப் போக ஏன் இவ்வளவு பாடு? இரண்டு பந்துதானே கூடுதல்?

தகவல் கோட்பாட்டின் தந்தை எனப்படும் கணித அறிஞர் கிளாட் ஷானன் ஜக்ளிங் பிரியர். ஜக்ளிங் செய்யும் பொறிகளையும் கட்டினார். அவர் தந்த சமன்பாடு இதற்கு விடை சொல்கிறது: பந்து காற்றில் இருக்கும் நேரத்தோடு கையில் இருக்கும் நேரத்தைக் கூட்டிக் கைகளின் எண்ணிக்கையால் பெருக்கினால், கை காலியாக இருக்கும் நேரத்தோடு பந்து கையில் இருக்கும் நேரத்தைக் கூட்டிப் பந்துகளின் எண்ணிக்கையால் பெருக்கியதற்குச் சமம்.

எண் போட்டுப் பார்க்கலாம். ஒவ்வொரு கையும் நொடிக்கு இரண்டு முறை எறிகிறது, பந்து கையில் 0.3 நொடி தங்குகிறது என்று கொள்வோம். மூன்று பந்துக்கு ஒவ்வொன்றும் காற்றில் 0.45 நொடி இருந்தால் போதும், கைக்கு மேல் 25 செ.மீ. உயரம். ஐந்து பந்துக்கு 0.95 நொடி, உயரம் 1.1 மீட்டர். ஏழுக்கு 1.45 நொடி, 2.6 மீட்டர். ஒன்பதுக்கு 1.95 நொடி, ஏறக்குறைய 4.7 மீட்டர். காற்றில் இருக்கும் நேரம் இரட்டித்தால் உயரம் நான்கு மடங்காகும், அதுதான் வினை.

உயரத்தோடு பிழையும் பெருகும். எறியும் கோணம் ஒரே ஒரு டிகிரி தவறினால், மேற்சொன்ன மூன்று பந்து உயரத்தில் பந்து 2 செ.மீ.க்கும் குறைவாகவே விலகும். கை நகர வேண்டியதே இல்லை. ஐந்தில் அதே தவறு 8 செ.மீ., ஏழில் 18 செ.மீ., ஒன்பதில் 30 செ.மீ.க்கு மேல். இன்னும் வேகமாக எறிந்து உயரத்தைக் குறைக்கலாம்தான், ஆனால் அப்போது கை திருந்த நேரம் இருக்காது.

ஆகையால் ஐந்துக்கான பயிற்சி மூன்று பந்திலேயே தொடங்குகிறது. மூன்று பந்தையும் ஐந்து பந்து உயரத்துக்கு அடுத்தடுத்து எறிந்து, இரண்டு கையும் காலியாக இருக்கும்போது ஒருமுறை கைதட்டிவிட்டுப் பிடியுங்கள். அடுத்து நான்கு பந்தை ஐந்து பந்துத் தாளத்தில், ஓர் இடம் காலியாக விட்டு எறியுங்கள். பிறகு ஐந்தும்: ஐந்து எறி, ஐந்து பிடி, நிறுத்தம். ஐந்து பிடி சுத்தமாக வராதவர் ஐம்பதுக்கு முயல்வதில் பயனில்லை.

சைட்ஸ்வாப் என்ற எண் முறையைக் கற்றே ஆகவேண்டுமா?

மேடை ஏறக் கட்டாயமில்லை. புது வித்தை தேட வேண்டுமானால் அவசியம். 1980களில் அமெரிக்காவிலும் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜிலும் தனித்தனியாகச் சிலர் கண்டுபிடித்த குறியீடு இது. ஒவ்வொரு எறிக்கும் ஓர் எண். எறிந்த பந்து எத்தனை தாளம் கழித்து மறுபடி எறியப்படும் என்பதே அந்த எண். 3 என்றால் சாதாரணக் காஸ்கேட் எறி. 4 என்றால் உயரமாகப் போய் அதே கைக்குத் திரும்பும். 5 இன்னும் உயரமாகக் குறுக்கே போகும். 1 கைக்குக் கை கடத்துவது, 2 கையிலேயே வைத்திருப்பது, 0 காலிக் கை.

எண்களின் சராசரிதான் பந்துகளின் எண்ணிக்கை. 441க்குச் சராசரி 3, ஆகவே மூன்று பந்து. 531க்கும் அப்படியே. 51 என்பது மூன்று பந்து ஷவர். சராசரி முழு எண்ணாக வந்தால் மட்டும் போதாது. 543ஐப் பாருங்கள்: சராசரி 4, ஆனால் அடுத்தடுத்து எறியும் 5, 4, 3 மூன்றும் ஒரே தாளத்தில் ஒரே கையில் வந்து விழும். வரிசையை 534 என்று மாற்றினால் மோதல் தீர்ந்துவிடும், நான்கு பந்தில் அழகாக ஓடும்.

இதுவரை அதிகபட்சம் எத்தனை பந்து?

எதை எண்ணுகிறோம் என்பதைப் பொறுத்தது. ஒவ்வொரு பந்தையும் ஒருமுறை எறிந்து ஒருமுறை பிடித்தால் ஃப்ளாஷ். இரண்டு சுற்று முழுதாகப் பிடித்தால்தான் அத்தனை பந்து ஓட்டியதாக ஜக்லர்கள் ஒப்புக்கொள்வார்கள். இங்கிலாந்தின் அலெக்ஸ் பாரன் 2012இல் 11 பந்தில் 23 பிடி பிடித்தார், 2017இல் 14 பந்தை ஃப்ளாஷ் செய்தார். இவை பயிற்சிக்கூடத்தில் கேமரா முன் நடப்பவை. இரவுதோறும் காட்சியில் செய்து காட்டக்கூடிய எண்ணிக்கை இதைவிட வெகுவாகக் குறைவு.

கிளப் பழகும்போது பந்துக்கு இல்லாத என்ன சிக்கல் வருகிறது?

சுழற்சி. கிளப் என்பது பாட்டில் வடிவத் தடி. நீளம் 52 செ.மீ. அளவில் இருக்கும், எடை 200 முதல் 240 கிராம். ஒரே அச்சில் வார்த்த பிளாஸ்டிக் கிளப் மலிவு, அடி தாங்கும், ஆனால் கையை நோகடிக்கும். உள்ளே மரத்தண்டு ஓட, பிடியில் நுரை சுற்றி, மேலே மெல்லிய உடல் பொருத்திய வகைதான் தொழில்முறை ஜக்லர்களின் கையில் இருக்கும். அதில் தலையையும் அடிக்குமிழையும் பிடித்திருக்கும் திருகாணி தளர்ந்தால் முதலில் ஒரு கடகடப்பு கேட்கும். அதைக் கவனிக்காமல் விட்டால் உடல் விரிசல் விடும். காட்சிக்கு முன் ஒவ்வொன்றையும் காதருகே குலுக்கிப் பாருங்கள்.

ஒரு கிளப்பில் தொடங்குங்கள். பிடி தடிக்கத் தொடங்கும் இடத்துக்குச் சற்றுக் கீழே பிடித்து, கையைத் தொடையருகே இறக்கி, முழுக்கையையும் தூக்கி எறியுங்கள். மணிக்கட்டால் சுண்டக்கூடாது. தலை உயரத்தில் ஒரே ஒரு சுற்றுச் சுற்றி, பிடி மறுகைக்குள் வந்து அமரவேண்டும். கிளப்பின் வயிறு கையில் வந்து விழுந்தால் சுற்று குறைவாகவோ கூடுதலாகவோ இருக்கிறது. பெரும்பாலும் கூடுதல்தான், குற்றவாளி மணிக்கட்டு.

ஒரு கையில் இரண்டு பிடிக்கும்போது, முதலில் எறியவேண்டிய கிளப் மேலே இருக்கட்டும், கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் அதைத் தாங்கும். மற்றதை மீதி மூன்று விரல்கள் உள்ளங்கையில் அழுத்திப் பிடிக்கும். மாற்றிப் பிடித்தால் முதல் எறியிலேயே இரண்டும் உரசிக்கொள்ளும்.

இருவர் எதிரெதிரே நின்று ஆறு கிளப் மாற்றிக்கொள்வது அடுத்த கட்டம். இடைவெளி இரண்டு முதல் இரண்டரை மீட்டர். இருவரும் கிளப்பை உயர்த்தி ஒன்றாக இறக்குவதே தொடங்குவதற்கான குறி. வலக்கையிலிருந்து நேரே எதிரிலிருப்பவரின் இடக்கைக்குப் போகவேண்டும், குறுக்காகப் போகக்கூடாது. துணைவரின் முகத்தைப் பார்த்து எறிபவர் முகத்திலேயே அடிப்பார். அவர் இடத்தோளுக்கு வெளியே, தலைக்குச் சற்று மேலே இலக்கு வையுங்கள்.

அதிக எண்ணிக்கையில் எறிய வளையங்கள் ஏன்?

மெல்லியவை, அதனால் காற்றில் ஒன்றுக்கொன்று பக்கத்தில் நழுவிப் போகும், மோதும் வாய்ப்பு குறைவு. சுழற்சி கொடுத்து எறிந்தால் தளம் மாறாமல் நிற்கும். வழக்கமான விட்டம் 32 செ.மீ., எடை 100 கிராம் அளவில். தொந்தரவு இரண்டு: கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே தோலை அறுக்கும், காற்றடித்தால் மிதக்கும். முதலாவதற்கு விளையாட்டு டேப், இரண்டாவதற்கு மருந்தில்லை.

தீப்பந்தம், கத்தி எல்லாம் நிஜமா?

கத்தி நிஜம், கூர் நிஜமல்ல. எறிவதற்கென்றே செய்த கத்தியில் விளிம்பை மழுங்க வைத்திருப்பார்கள். ஆனாலும் எடையும் முனையும் காலில் விழுந்தால் காயம்தான்.

தீ முழுக்க நிஜம். தீப்பந்தம் என்பது உலோகத் தண்டின் தலையில் தீப்பற்றாத அராமிட் இழைத் திரி சுற்றிய கிளப். எரிபொருளாக மண்ணெண்ணெய் அல்லது விளக்கு எரிக்கவென்று விற்கும் சுத்திகரித்த பாரஃபின் வகை. பெட்ரோல் ஒருபோதும் கூடாது, அதன் ஆவியே தீப்பிடிக்கும். மூடி போட்ட உலோக டப்பாவில் திரியைத் தோய்த்து, சொட்டு நிற்கும்வரை டப்பாவுக்குள்ளேயே உதற வேண்டும். உதறாமல் எறிந்தால் முதல் சுழற்சியிலேயே எரியும் துளிகள் உங்கள் தோளிலும் முன்வரிசையிலும் தெறிக்கும். பற்றவைக்கும் முன் டப்பாவை மூடி, தொலைவில் கொண்டுபோய் வைக்க வேண்டும். பருத்தி உடை, கட்டிய முடி, ஈரத் துண்டும் தீயணைப்பானும் கையில் வைத்து வேறெதையும் செய்யாமல் நிற்கும் ஓர் உதவியாளர். அணைக்க ஊதாதீர்கள், ஈரத் துண்டால் மூடுங்கள்.

முதன்முறை எறிபவருக்கு அதிர்ச்சியாக இருப்பது வெப்பமல்ல, சத்தம். காதருகே உறுமிக்கொண்டு போகும். அதோடு கண் சுடரைப் பின்தொடரும், பிடிக்க வேண்டிய தண்டோ இருட்டில் இருக்கும். பற்றவைக்காமல் பல நாள், எண்ணெயில் நனைத்துப் பற்றவைக்காமல் சில நாள் பழகிய பிறகே தீ. நனைந்த திரியின் எடை தலையை இழுத்துச் சுழற்சியை மாற்றும் என்பதால் இரண்டாவது படியைத் தவிர்க்க முடியாது.

பயிற்சி அறையில் வருவது சர்க்கஸ் வளையத்துக்குள் (காட்சி நடக்கும் வட்டக் களத்துக்குள்) ஏன் வரமாட்டேன் என்கிறது?

முதல் எதிரி விளக்கு. முன்னாலிருந்து வரும் ஸ்பாட் விளக்கு, நீங்கள் உச்சியைப் பார்க்கத் தலையைத் தூக்கும் கோணத்தில் நேராகக் கண்ணில் அடிக்கும். பந்து ஒளிக்குள் போய் மறைந்து வெளியே வரும். பக்கவாட்டு விளக்கைக் கூட்டி முன்விளக்கைத் தணிக்கச் சொல்லுங்கள். ஒத்திகையில் எந்த இடத்தில் நின்றால் கண் கூசவில்லை என்று பார்த்துத் தரையில் குறி வையுங்கள். பந்தின் நிறமும் கூடாரத்தின் நிறமும் ஒன்றாக இருக்கக்கூடாது. கருந்துணிக் கூரைக்கு வெள்ளை, வெளிர்க்கூரைக்கு அடர்நிறம்.

இரண்டாவது, உயரத்தில் என்ன இருக்கிறது என்பது. பார்-ஆட்டக்காரர்களின் கம்பிகள், கயிறுகள், வலை எல்லாம் உங்கள் பந்து போகும் பாதையில் தொங்கலாம். ஏழு வளையம் எறிபவர் கூடாரம் கட்டியவுடன் செய்ய வேண்டிய முதல் வேலை மேலே அண்ணாந்து பார்ப்பது.

மூன்றாவதைப் பலர் யோசிப்பதே இல்லை. நாடக மேடையில் பார்வையாளர் ஒரே திசையில் இருப்பார்கள். சர்க்கஸில் மூன்று பக்கமும், சிலசமயம் சுற்றிலும். எறியும் வளையம் ஒரு பக்கத்தாருக்கு முழு வட்டமாகத் தெரியும்போது, அதற்குச் செங்குத்தான பக்கத்தில் உட்கார்ந்தவருக்கு வெறும் கோடுதான் தெரியும். வித்தைக்கு வித்தை கால்வட்டம் திரும்பி நில்லுங்கள். அதையும் பயிற்சியிலேயே சேர்த்துவிட வேண்டும், திரும்பினால் விளக்கின் கோணமும் மாறும்.

வியர்வைக்கு ரோசின் (பிசின்) தூள், அல்லது கருவிகளை ஆல்கஹாலால் துடைத்து வைப்பது. குளிரில் பிளாஸ்டிக் இறுகும், விரலும் இறுகும். காட்சிக்கு முன் கருவிகளைச் சூடான இடத்தில் வைத்திருங்கள். சீக்வின் (மினுக்கு வில்லை) தைத்த, தொங்கும் சட்டைக் கைகள் அழகுதான், ஆனால் கிளப்பின் குமிழ் அதில் மாட்டும். உடையைத் தைத்த பிறகு அதே உடையில் ஒரு முழு ஒத்திகை பார்க்காமல் மேடை ஏறாதீர்கள்.

சர்க்கஸ் வளையம் ஏன் எங்கும் ஒரே அளவில் இருக்கிறது?

ஜக்லருக்காக அல்ல, குதிரைக்காக. 1768இல் லண்டனில் குதிரைச் சாகசக் காட்சிகளைத் தொடங்கிய ஃபிலிப் ஆஸ்ட்லியின் காலத்தில் நிலைத்த அளவு 42 அடி, அதாவது 13 மீட்டருக்குச் சற்றுக் குறைவு. ஓடும் குதிரை முதுகில் நிற்பவருக்குச் சமநிலை கிடைக்கும் விட்டம் அது. இடையிடையே வேறு வித்தைகள் தேவைப்பட்டபோது ஜக்லர்கள் அதற்குள் வந்து சேர்ந்தார்கள். வித்தை மட்டும் மிகப் பழையது. எகிப்தின் பெனி ஹசனில் உள்ள, ஏறக்குறைய 4,000 ஆண்டுப் பழமையான கல்லறைச் சுவரில் பெண்கள் பந்து எறியும் ஓவியம் இருக்கிறது. அதில் ஒருத்தி கையைக் குறுக்காக வைத்து எறிகிறாள்.

ஓர் ஆக்ட்டை (ஜக்லர் காட்டும் முழு நிகழ்ச்சியை) எப்படிக் கட்டுகிறார்கள்?

நீளம் பெரும்பாலும் ஆறு முதல் எட்டு நிமிடம். முதல் பத்து நொடிக்குள் ஏதாவது நடந்தாக வேண்டும். மெதுவாக நடந்துவந்து பெட்டியைத் திறக்கும் ஆளைக் கூட்டம் பொறுத்துக்கொள்ளாது. விழ வாய்ப்பே இல்லாத, ஆனால் பார்க்கப் பளிச்சென்ற வித்தை தொடக்கத்துக்கு. கடினமானதைக் கடைசிக்கு முந்தைய இடத்தில் வைத்து, கடைசியில் உறுதியாக வரும் ஒன்றை வைப்பவர்கள் உண்டு. நீண்ட காலம் தொழிலில் இருக்க விரும்புபவருக்கு அதுவே நல்ல வரிசை.

ஏழுக்கும் எட்டுக்கும் வித்தியாசம் கூட்டத்துக்குத் தெரியாது. ஐந்துக்கு மேல் யாரும் எண்ணுவதில்லை, ‘நிறைய’ என்றுதான் தெரியும். எட்டாவது பந்துக்காக ஈராண்டு செலவிடுவதா, அல்லது ஐந்து பந்தைச் சிரித்தபடி, நிமிர்ந்து நின்று, இசையின் கடைசி அடியில் ஐந்தையும் பிடித்து நிறுத்தப் பழகுவதா என்றால், வளையத்துக்குள் இரண்டாவதற்கே கைதட்டல். நிறுத்தம்தான் முக்கியம்: எல்லாம் கையில், உடல் அசையாமல், முகம் கூட்டத்தை நோக்கி, இரண்டு நொடி. நிறுத்தாமல் அடுத்த வித்தைக்குத் தாவுபவருக்குக் கைதட்ட இடம் கிடைக்காது.

ஒரே ஆக்ட்டுக்குக் குறுகிய வடிவம், நீண்ட வடிவம் இரண்டும் தயாராக இருக்கட்டும். பின்னால் வலையோ கூண்டோ கட்டும் வேலை நடக்கும்போது கூட்டத்தைப் பிடித்துவைக்கப் பெரும்பாலும் ஜக்லரைத்தான் அனுப்புவார்கள். ‘இன்னும் இரண்டு நிமிடம்’ என்று திரைக்குப் பின்னாலிருந்து சைகை வரும்.

காட்சியில் விழுந்துவிட்டால்?

முகம் மாறக்கூடாது. விழுந்ததைவிட விழுந்ததற்கு நீங்கள் காட்டும் முகச்சுளிப்புதான் கூட்டத்தின் நினைவில் நிற்கும். பந்தைக் காலால் உருட்டி எழுப்பவும், கிளப்பைப் பாதத்தின் மேல் ஏற்றி உதைத்துக் கைக்குக் கொண்டுவரவும் தனியாகப் பழகியிருக்க வேண்டும். கூட்டம் அதையும் வித்தையாகவே எடுத்துக்கொள்ளும். உருண்டு இருக்கைகளுக்குள் போய்விட்டால் துரத்தாதீர்கள், உதிரி ஒன்றை வளையத்தின் விளிம்பில் வைத்திருங்கள்.

ஒரே வித்தையை மூன்று முறைக்கு மேல் முயலாதீர்கள். இரண்டாவது முயற்சியில் கூட்டம் உங்கள் பக்கம் இருக்கும், மூன்றாவதில் மூச்சைப் பிடிக்கும், நான்காவதில் பரிதாபப்படும். வேண்டுமென்றே ஒருமுறை தவறவிட்டு அடுத்த முறை பிடிக்கும் பழைய தந்திரம் இன்றும் பலிக்கிறது. ஒரு காட்சிக்கு ஒருமுறை போதும்.

யாருடைய வேலையைப் பார்த்துக் கற்பது?

என்ரிகோ ராஸ்டெல்லி (1896–1931). ரஷ்யாவின் சமாராவில் பிறந்த இத்தாலியர். தொப்பி, தட்டு, நாற்காலி என்று கையில் கிடைத்ததையெல்லாம் எறிந்த தலைமுறைக்குப் பின், பெரும்பாலும் பந்தையும் குச்சியையும் வைத்துக்கொண்டு தலை, தோள், முழங்கால், பாதம் எல்லாவற்றையும் கையாக்கியவர். 34 வயதிலேயே இறந்துவிட்டார். பந்தைத் தரையில் துள்ளவைத்து அதையே தாளமாக்கியதற்கு அமெரிக்கரான பாபி மே. சோவியத் சர்க்கஸின் செர்கேய் இக்னாதோவை 11 வளையத்துக்காகப் பார்ப்பவர்கள் அதிகம். அவருடைய ஐந்து பந்தைப் பாருங்கள், அவசரமே இருக்காது.

ஜெர்மனியின் ஃபிரான்சிஸ் புருன் (1922–2004) எதிர்த்திசையில் போனவர். பல பொருள்களோடு தொடங்கி, வயது ஏற ஏறக் குறைத்து, ஒரே பந்தில் ஃபிளமென்கோ ஆட்டக்காரரைப் போல நிமிர்ந்து நின்றே கூட்டத்தைக் கட்டிப்போட்டார். மைக்கேல் மோஷன் கண்ணாடி உருண்டைகளை எறியாமலே கையில் உருட்டிக் காட்டியவர், 1990இல் மக்ஆர்தர் நல்கை பெற்றவர். எறிவது மட்டுமே ஜக்ளிங் என்று நினைப்பவர்கள் இவர்கள் இருவரையும் முதலில் பார்க்கலாம்.

ஒரு நாள் எப்படிப் போகும்?

வளையம் எல்லோருக்கும் பொது. காலையில் உங்களுக்கு ஒதுக்கிய நேரத்தில்தான் உயரமான எறிகளைப் பழக முடியும், மீதியைக் கூடாரத்துக்கு வெளியே. புது வித்தை காலையில், உடல் களைக்கும் முன். காட்சிக்கு அரை மணி முன்பு அதே கருவிகளால் சூடேற்றம், அதில் புது முயற்சி எதுவும் வேண்டாம். விடுமுறை நாளில் இரண்டு மூன்று காட்சிகள். ஊர் மாறும் நாளில் கூடாரம் பிரிக்கும் வேலையும் சேர்ந்துகொள்ளும், கயிறு இழுத்த கையோடு மறுநாள் எறிய வேண்டியிருக்கும். கையுறை போட்டுக்கொள்ளுங்கள்.

ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் வாரத்துக்கு எத்தனை காட்சி, தங்குமிடம் யாருடையது, கருவிகளின் சரக்குச் செலவு யாருடையது, காயப்பட்டால் காப்பீடு உண்டா என்ற நான்கையும் எழுத்தில் வாங்குங்கள்.

காயம் எங்கே வரும்?

மணிக்கட்டு, முழங்கைத் தசைநார், தோள். ஒரே அசைவை ஆயிரக்கணக்கில் செய்வதால் வருவது. அண்ணாந்து பார்ப்பதால் கழுத்து வலிக்கும். பொறுக்கக் குனிவதால் இடுப்பு வலிக்கும், முழங்காலை மடித்துக் குனியுங்கள். கிளப் தவறான கோணத்தில் வந்து விரல் நுனியில் இடித்தால் வீங்கும். வலி மறுநாளும் இருந்தால் அந்தக் கையை நிறுத்திவிட்டு மறுகையைப் பழகுங்கள். எப்படியும் அது பின்தங்கித்தான் இருக்கும்.

ஜக்ளிங் பழகினால் மூளை வளருமா?

2004இல் நேச்சர் இதழில் வந்த ஆய்வில், மூன்று மாதம் மூன்று பந்து பழகியவர்களின் மூளையில் அசைவைக் கண்ணால் உணரும் பகுதிகளில் சாம்பல்நிறப் பொருள் கூடியிருந்தது. பழகுவதை நிறுத்திய மூன்று மாதத்தில் அது குறைந்தது. புத்திசாலித்தனம் கூடும் என்று அந்த ஆய்வு சொல்லவில்லை.

பயணத்தில் கருவிகளை எப்படிக் கொண்டுபோவது?

பெட்டி தொலைந்தாலும் காட்சி நடக்கும்படி, பந்து ஒரு முழுத்தொகுதி எப்போதும் கைப்பையில். கிளப்பும் கத்தியும் விமானத்தில் சரக்குப் பெட்டியில்தான் போகும். தீப்பந்தத்தில் எண்ணெய் வாடை இருந்தால் ஏற்றமாட்டார்கள், திரியை முழுதாக எரித்து உலர்த்தித் தனிப் பையில் கட்டுங்கள். வளையங்களைப் படுக்கைவாட்டில் அடுக்கி வையுங்கள். வெயிலில் நிற்கும் வண்டிக்குள் செங்குத்தாகச் சாய்த்து வைத்தால் வளைந்துபோகும், வளைந்தது பிறகு நேராகப் பறக்காது. தானியம் அடைத்த பீன்பேக் நனைந்தால் உள்ளே அழுகும், தையலைப் பிரித்துத் தானியத்தை மாற்றிவிடுங்கள்.